காட்சிச்சாலையும் கூட்டுறவுச் சங்கமும்

சென்னை எழும்பூரிலுள்ள அரசாங்கக் காட்சிச்சாலை 1851-ஆம் ஆண்டில் தோன்றியது. அதைப் பட்டணத்து மக்கள் வெகுகாலம் 'செத்த காலேஜ்' என்றே வழங்கிவந்தனர். விலங்குகளை உயிரோடு வைத்திருந்த இடம் 'உயிர் காலேஜ்'. செத்தவற்றைப் பாடம் செய்து வைத்திருந்த இடம் 'செத்த காலேஜ்'. கற்றோர் இப்பெயரைக் கேட்டு நகைப்பர். ஆயினும் இப்பெயரினுள்ளே ஒரு முறையீடும் அடங்கியிருக்கிறது என்பது நமது அபிப்பிராயம். பாமர மக்கள் அங்கே சென்றார்கள். மன்னர் வாளையும், மலைப்பாம்பின் தோலையும், திமிங்கலத்தின் எலும்பையும் கண்டார்கள். தம்முடைய வாழ்வைச் சேர்ந்தது இன்னதென்று சுட்டிக்காட்டத்தக்க பொருளை அதிகமாகக் காணாமல் திரும்பினார்கள்.

நெசவாளர்களும் விளைவிப்போரும் படிக்கும் இப்பத்திரிகையில் காட்சிச்சாலையைப் பற்றி எழுதுவது எதற்கு என்று அங்கத்தினர்கள் கேட்கக்கூடும். நூல் விலை ஏறுகிறது, கூலி ஏறவில்லை, தேங்கிய சரக்கு அலமாரியில் கிடக்கிறது, இந்நிலையில் பழம்பொருள் ஆராய்ச்சி யாருக்கு வேண்டும் என்பது நியாயமான கேள்வியே. இதற்கு விடை கூறவே இக்கட்டுரை. முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறோம். ஒவ்வொரு நெசவாளர் சங்கமும், ஒவ்வொரு விவசாயக் கூட்டுறவுச் சங்கமும் தன் அலுவலகத்தில் ஒரு சிறு காட்சியறை, அதற்கு வசதியில்லையேல் ஒரு காட்சி பீரோவாவது வைத்தல் வேண்டும். இது அலங்காரத்துக்காகச் செய்வதன்று. சொத்தைப் பாதுகாக்கும் வேலைகளில் இதுவும் ஒன்று.

முதலில் ஒரு பழைய வரலாற்றை நினைவுகூர்வோம். 1866-ஆம் ஆண்டில் இலண்டனிலிருந்த இந்தியக் காட்சிச்சாலையைச் சேர்ந்த ஜான் ஃபோர்ப்ஸ் வாட்சன் என்பார், இந்நாட்டில் நெய்யப்பட்ட துணிகளின் மாதிரிகளைத் திரட்டிப் பதினெட்டுத் தொகுதிகளாகத் தைத்து வெளியிட்டார். ஒவ்வொரு வரிசையிலும் 700 மாதிரிகள். புடவை, வேட்டி, தலைப்பாகை, மஸ்லின், கைக்குட்டை என இந்நாட்டார் உடுப்பவை யாவும் அவற்றுள் இருந்தன. நீளம், அகலம், எடை முதலிய விவரங்களும் குறிக்கப்பட்டிருந்தன. இவ்வாறு இருபது வரிசைகள் தயாராயின. அவற்றுள் பதின்மூன்று பிரிட்டனிலேயே வழங்கப்பட்டன; ஏழு இந்தியாவுக்கு வந்தன. இந்தியர் எத்தகைய துணியை விரும்பி உடுக்கின்றனர் என்பதை ஆங்கில ஆலைக்காரர் அறிந்து, அதற்கேற்ப நெய்து, இங்கே விற்க வேண்டும் என்பதே இம்முயற்சியின் நோக்கம். அத்தொகுதிகள் காட்சிச்சாலைகள் செய்யும் பணியையே செய்தன. ஆனால் அவை எதிரே இருந்த வியாபாரியின் கையில் இருந்தன. நம் தறிக்காரர் கையில் அதைப்போன்ற ஒரு தொகுதியும் இல்லை. தன் பாட்டன் நெய்த கரையைப் பார்க்க விரும்பும் பேரன் இன்றைக்கும் கடல் கடந்த நகரங்களின் காட்சிச்சாலைகளையே நாட வேண்டியிருக்கிறது. சோழமண்டலக் கரையில் எழுதப்பட்ட பூந்துணிகளின் அரிய தொகுப்பு இலண்டன் விக்டோரியா ஆல்பர்ட் காட்சிச்சாலையில் இருக்கிறது. நாட்டினுள்ளே, 1949-இல் ஆமதாபாத்தில் தொடங்கப்பட்ட காலிகோ காட்சிச்சாலை இத்துறையில் முதன்மையானது. நம் ஊரிலிருந்து அதுவும் அண்மையில் இல்லை.

நமது கடலூர் வட்டாரத்திற்கு இதில் தனிப்பட்ட உரிமை உண்டு. ஆங்கிலக் கம்பெனியார் 1690-இல் தேவனாம்பட்டினத்துக் கோட்டையை விலைக்கு வாங்கி அதற்குச் செயின்ட் டேவிட் கோட்டை என்று பெயரிட்டனர். பீரங்கிக் குண்டு விழுந்த எல்லைவரை உள்ள ஊர்கள் அவர்கள் வசமாயின என்பதையும், அவை 'குண்டு கிராமங்கள்' எனப்பட்டதையும் நம்மில் பலர் அறிவர். இக்கரையில் அவர்கள் நாடிய சரக்குகளில் முதன்மையானது துணி. 1746 முதல் 1752 வரை சோழமண்டலக் கரையில் ஆங்கிலேயரின் தலைமையிடமாகவே கடலூர் இருந்தது. வடக்கே புதுச்சேரியில் அவுரிச் சாயம் தோய்த்த நீலத்துணி பிரெஞ்சுக்காரரால் மேற்கு ஆப்பிரிக்காவுக்கு ஏற்றுமதியாயிற்று. செனகல் ஆற்றங்கரையில் பிசின் வியாபாரத்தில் அது நாணயம் போலவே கைமாறியது. அவுரி விளைவித்தவர்களும் நம் தென்னார்க்காட்டுக் குடியானவர்களே. 1897-இல் ஜெர்மனியிலிருந்து இரசாயன நீலம் சந்தைக்கு வந்தபின் அத்தொழில் தளர்ந்தது. அவுரித் தொட்டி எப்படிக் கட்டப்பட்டது, எத்தனை நாழிகை ஊறவைத்தனர், எப்பொழுது கடைந்தனர், எத்தன்மையான நீர் உகந்தது என்பவற்றைக் கையறிவாகச் சொல்லவல்லவரை இன்று இங்கே விரல்விட்டு எண்ணுவதும் கடினம்.

இன்னும் பழைமைக்குச் செல்வோமாயின், அரியாங்குப்பத்து ஆற்றங்கரையில் அரிக்கமேடு இருக்கிறது. 1945-இல் அங்கே அகழ்ந்த மார்ட்டிமர் வீலர், செங்கல் தொட்டிகள் சிலவற்றைக் கண்டு, அவை துணிக்குச் சாயம் தோய்த்த தொட்டிகளாகலாம் என்று கருதினார். பின்வந்த அறிஞர் சிலர் அதனை ஐயுற்றனர். எதுவாயினும், உரோம நாட்டு மண்பாண்டங்களும் இவ்வூர் மணிகளும் ஒருங்கே கிடைத்த அவ்விடம், நம் கைத்தொழில் கடல்கடந்து சென்ற காலத்திற்குச் சான்று. அங்கே கிடைத்த பொருள்களைப் புதுச்சேரிக் காட்சிச்சாலையில் காணலாம். கடலூரிலிருந்து காலையில் புறப்பட்டால் பார்த்துவிட்டு மாலைக்குள் வீடு திரும்பலாம். கடலூரிலேயே 1989 முதல் அரசாங்கக் காட்சிச்சாலை ஒன்று நடைபெற்று வருகிறது. நம் அங்கத்தினர்களில் எத்தனை பேர் அதனுள் நுழைந்திருக்கிறார்கள்?

காட்சிச்சாலை என்றால் மன்னர் பொருளுக்கே உரியது என்னும் எண்ணம் தமிழ்நாட்டிலேயே மாறிவருகிறது. 1959-இல் மதுரையில் இராணி மங்கம்மாளின் தமுக்கம் அரண்மனையில் காந்தி நினைவுக் காட்சிச்சாலை திறக்கப்பட்டது. அங்கே வருவோர் யாவரும் மௌனமாக நிற்கும் பொருள் பொன்னும் மணியும் அல்ல. மகாத்மா இறுதிநாளில் உடுத்தியிருந்த, இரத்தக் கறை படிந்த ஆடையே. 1996-இல் முட்டுக்காட்டில் திறக்கப்பட்ட தட்சிணசித்ராவில், தென்னாட்டு ஊர்களில் இடிபட இருந்த பழைய வீடுகளைப் பிரித்துக் கொணர்ந்து, முன்போலவே எழுப்பியிருக்கின்றனர். செட்டிநாட்டு வீட்டோடு நெசவாளர் வீடும், குயவர் வீடும், தஞ்சை விவசாயி வீடும் அங்கே சரிசமமாக நிற்கின்றன. 2023 மார்ச்சில் திறக்கப்பட்ட கீழடிக் காட்சிச்சாலையில் நூல் நூற்ற தக்களிகளின் மண் வில்லைகள் இருக்கின்றன. பானை ஓடுகளில் ஆதன், குவிரன் என்ற பெயர்கள் கீறப்பட்டிருக்கின்றன. இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன் சாமானியன் தன் பானையில் தன் பெயரைப் பொறித்து வைத்தான். நேற்று நம் சங்கத்துக்கு நெய்து கொடுத்த கைதேர்ந்த நெசவாளியின் பெயரோ எந்தத் துணியிலும் இல்லை. கூலிப் பட்டியலில் மட்டும் இருந்தது. அந்தப் பட்டியலும் இப்போது எங்கே இருக்கிறதென்று சொல்வார் இல்லை.

இனி, பிறநாட்டார் இவ்விஷயத்தில் என்ன செய்தனர் என்று பார்ப்போம். மெக்ஸிகோ நாட்டை உதாரணமாக எடுத்துக்கொள்கிறோம். அந்நாடு நமக்கு அந்நியமானதாகத் தோன்றலாம். உண்மையில் அத்தனை அந்நியமன்று. நம் குழம்பில் விழும் மிளகாய் அந்நாட்டுப் பயிர். மக்காச்சோளமும் அங்கே தோன்றியது. இன்று இந்தியாவில் விளையும் பருத்தியில் பெரும்பகுதி எந்த இனத்தைச் சேர்ந்ததோ அந்த இனமும் மெக்ஸிகோவில் பிறந்ததே. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நம் மாகாணத்துக்கு வந்த கம்போடியாப் பருத்தி அவ்வினத்தது. நமக்கு அவர்கள் பருத்தி தந்தனர் என்றால், நாம் அவர்களுக்குத் துணி தந்திருக்கிறோம். மணிலாவுக்கும் அக்காபுல்கோவுக்கும் இடையே 1565 முதல் 1815 வரை ஓடிய ஸ்பானியக் கப்பல்களில் இந்தியத் துணிகளும் ஏறிச் சென்றன. மெக்ஸிகோ மக்கள் கழுத்திலும் தலையிலும் கட்டும் வண்ணக் கைக்குட்டைக்குப் 'பாலியகாத்தே' என்று பெயர். அச்சொல் நம் பழவேற்காட்டின் பெயரிலிருந்து வந்தது என்று மொழியறிஞர் பலர் கூறுவர். அவர்களுடைய பழைய மொழியிலேயே அதற்கு வேர் காண்பாரும் உண்டு. அந்நாட்டு விடுதலை வீரர் மொரேலோஸின் படங்களில் அவர் தலையில் கட்டியிருப்பது அவ்வகைத் துணியே.

அந்நாட்டின் தலைநகரில் 1964-இல் மாபெரும் மானிடவியல் காட்சிச்சாலை ஒன்று திறக்கப்பட்டது. அதன் கீழ்த்தளத்தில் பழைய அரசுகளின் கற்சிலைகளும் கோயிற் சின்னங்களும் இருக்கின்றன. மேல்தளத்தில் இன்றும் வாழும் பழங்குடி மக்களின் உடை, வீடு, தறி, உழவுக்கருவி ஆகியவை வைக்கப்பட்டிருக்கின்றன. கீழே கண்ட பெருமையின் வாரிசுகள் மேலே காணும் இந்த ஏழை எளிய மக்களே என்பதைப் பார்ப்பவர் படியேறும்போதே உணர்ந்துகொள்வர். 1982-இல் பொதுமக்கள் பண்பாட்டுக்கென்றே இன்னொரு காட்சிச்சாலையை அங்கே தோற்றுவித்தார்கள். அது முதன்முதலில் நடத்திய கண்காட்சி எதைப் பற்றியது தெரியுமா? மக்காச்சோளத்தைப் பற்றியது! குடியானவன் பயிரிடும் தானியமே நாட்டுப் பண்பாட்டின் அடித்தளம் என்று அவர்கள் எடுத்துக்காட்டினர். நெல்லையும் கம்பையும் கேழ்வரகையும் பற்றி அவ்வாறு ஒரு கண்காட்சியை நாம் எப்போது நடத்தப்போகிறோம்?

இவையெல்லாம் அரசாங்கத்தின் பெருஞ்செலவில் நடப்பவை, நமக்கு எட்டாதவை என்று சிலர் கூறுவர். அவர்களுக்காக ஒரு சிற்றூரின் செய்தியைச் சொல்கிறோம். மெக்ஸிகோவின் ஒவாஹாக்கா மாநிலத்தில் சாந்தா ஆனா தெல் வாயே என்பது நெசவாளர் வாழும் ஒரு கிராமம். 1985-இல் ஊர்ச் சதுக்கத்தைச் செப்பனிட்டபோது பூமியிலிருந்து பழைய கல்லறைகளும் பண்டங்களும் வெளிப்பட்டன. அவற்றைத் தலைநகருக்குக் கொடுத்துவிடாமல் ஊரிலேயே வைத்துக் காப்பது என்று ஊர்க்கூட்டம் கூடித் தீர்மானித்தது. 1986-இல் தங்களுக்கென்று ஒரு காட்சிச்சாலையைத் திறந்தார்கள். தொல்பொருளோடு தம் நெசவையும் நடனத்தையும் அங்கே காட்சிக்கு வைத்தார்கள். ஊர்க்கூட்டம் தேர்ந்தெடுக்கும் குழு முறைவைத்து அதனை நடத்துகிறது. அண்டை ஊர்கள் இதைக் கண்டு பின்பற்றின. 1991-இல் அவ்வூர்க் காட்சிச்சாலைகள் ஒன்றுகூடித் தமக்கென ஒரு சம்மேளனமும் அமைத்துக்கொண்டன. பொதுக்குழு, தீர்மானம், நிர்வாகக் குழு, சம்மேளனம் என்னும் இம்முறை நமக்குப் புதிதா? அங்கே ஊரார் செய்ததைச் செய்யும் அமைப்பு இங்கே ஒவ்வொரு சங்கத்திலும் ஏற்கனவே இருக்கிறது. மனம் ஒன்றே குறை.

அக்குறையினால் என்ன நேருகிறது என்பதை நம் ஆய்வுப் பணியில் பலமுறை காண்கிறோம். செயலற்றுப்போன சங்கம் கலைக்கப்படுகிறது. கலைப்பு அதிகாரி சொத்துக்களை மதிப்பிடுகிறார். தறிமரம் விறகு விலைக்குப் போகிறது. அச்சும் விழுதும் குப்பைக்குப் போகின்றன. ஜக்கார்டு அட்டைகள் பழைய காகிதக் கணக்கில் எடைபோடப்படுகின்றன. அட்டையில் உள்ள ஒவ்வொரு துளையும் ஒரு கோலத்தின் எழுத்து. ஒரு கட்டு அட்டை என்பது ஒரு முந்தியின் முழு வரலாறு. அதனை எழுத்தறியாதார் கையில் ஏட்டுச்சுவடி அகப்பட்டது போல எடைக்குப் போடுகிறோம். சட்டப்படி நடந்த ஏலத்தில் தவறு யாதொன்றும் இல்லை. ஆனால் அந்த ஏலத்தில் சங்கத்தின் கடன் எவ்வளவு அடைந்தது, ஊர் எதை இழந்தது என்று கணக்குப் பார்த்தால், வரவு சில நூறு, செலவு மீட்கமுடியாதது.

வீடுகளின் நிலையும் இதுவே. பழைய பட்டுப்புடவை வாங்குவோர் தெருவில் கூவிக்கொண்டு வருகின்றனர். திருப்பாதிரிப்புலியூர்த் தெருக்களில் இக்குரல் கேளாதவர் யார்? சரிகையிலுள்ள வெள்ளிக்கும் பொன்னுக்கும் விலை பேசி வாங்குகிறார்கள். புடவை உருக்கப்படுகிறது. அதன் கரை, முந்தி, இழைக்கணக்கு எல்லாம் நெருப்போடு போகின்றன. பாட்டியின் கலியாணப் புடவை கொடுத்த பணம் ஒரு மாதச் செலவுக்கு வந்திருக்கலாம். அதைக் குறைகூற நமக்கு உரிமையில்லை. உருக்கப் போகுமுன் அதை ஒரு நாள் சங்கத்துக்குக் கொணர்ந்தால், படம் எடுத்து, இழை எண்ணி, எழுதி வைத்துக்கொள்ளலாமே என்றுதான் வருந்துகிறோம்.

இயற்கையும் நமக்குத் துணைநிற்பதில்லை. 2011 டிசம்பர் 30-ஆம் நாள் வந்த தானே புயலை இம்மாவட்டத்தார் மறக்கமாட்டார்கள். பண்ருட்டிப் பக்கத்துப் பலாவும் முந்திரியும் வேரோடு சாய்ந்தன. 2015-ஆம் ஆண்டின் வெள்ளம் வீடுகளுக்குள் புகுந்தது. மரம் மீண்டும் நடலாம். நனைந்து மக்கிய கணக்குப் புத்தகத்தையும் துணியையும் மீண்டும் உண்டாக்க இயலாது. தில்லையில் பூட்டிக் கிடந்த தேவார ஏடுகளைச் செல்லரித்தது போக எஞ்சியனவே நமக்குக் கிடைத்தன என்பது வழிவழி வந்த செய்தி. இராசராசன் காலத்துக் கதை என்று அதைக் கேட்டுவிட்டுப் போகிறோம். செல் இன்றைக்கும் அரித்துக்கொண்டுதான் இருக்கிறது.

இனி, முதலில் எழுப்பிய கேள்விக்கு வருவோம். இதனால் கூலி உயருமா? உடனே உயராது. அப்படிச் சொல்வது உங்களை ஏமாற்றுவதாகும். ஆயினும் மூன்று பயன்கள் திண்ணமாக உண்டு.

முதலாவது, சட்டத்தைப் பற்றியது. 1999-ஆம் ஆண்டு இயற்றப்பட்டு 2003 முதல் அமலிலுள்ள புவிசார் குறியீட்டுச் சட்டத்தின்படி, ஓர் ஊரின் சிறப்புப் பொருளுக்கு அவ்வூர்ப் பெயரைப் பிறர் களவாடாதபடி பதிவு பெறலாம். காஞ்சிபுரம் பட்டும், பவானி ஜமக்காளமும், மதுரைச் சுங்குடியும் அவ்வாறு பதிவு பெற்றவை. விண்ணப்பத்தில் பொருளின் தோற்றத்துக்குச் சான்று கேட்கின்றனர். வரலாற்று ஆதாரம் காட்ட வேண்டும். பழைய துணி மாதிரி, பழைய கொள்முதல் பேரேடு, பழைய விலைப்பட்டியல் ஆகியவையே அந்த ஆதாரம். 'எங்கள் ஊரில் தலைமுறை தலைமுறையாக நெய்கிறோம்' என்று வாயால் சொல்வது பத்திரம் ஆகாது. இவ்விதியை அறிந்தபின்னும் பழைய பேரேட்டை எடைக்குப் போடுபவர், நிலப்பட்டாவை அடுப்பில் போடுபவருக்கு ஒப்பாவார்.

இரண்டாவது, தொழிலைப் பற்றியது. கூட்டுறவு விற்பனை நிலையங்களுக்குப் புதுக்கோலம் வேண்டும்போது பட்டணத்திலிருந்து வரைபடம் வாங்குகிறோம். நம் ஊரிலேயே ஐம்பது ஆண்டுகளுக்கு முன் ஓடிய கட்டம், கரை, வண்ணச்சேர்க்கை ஆகியவற்றின் மாதிரி கையிலிருந்தால், அவற்றினின்றே புதியன பிறக்கும். வெளியார் போலி செய்ய இயலாத தனித்தன்மையும் அவற்றுக்கு உண்டு.

மூன்றாவது, வருங்காலத் தலைமுறையைப் பற்றியது. நெசவாளர் பிள்ளைகள் தறியை விட்டுச் செல்கின்றனர். வருவாய் போதாமையே பெருங்காரணம். அதை மறைப்பதிற் பயனில்லை. ஆயினும் தகப்பன் செய்யும் தொழிலில் என்ன அறிவு அடங்கியிருக்கிறது என்பதை அப்பிள்ளை ஒருநாளும் எடுத்துச் சொல்லக் கேட்டதில்லை என்பதும் உண்மை. பள்ளிக்கூடத்திலிருந்து பிள்ளைகளைச் சங்கக் காட்சியறைக்கு அழைத்துவந்து, இது பாவு, இது ஊடை, இது இன்னார் நெய்தது என்று காட்டினால், தொழிலில் தங்காவிட்டாலும் தொழிலை இகழமாட்டான்.

செய்யவேண்டியவற்றை இனிச் சுருக்கமாகக் கூறுகிறோம். கட்டடம் வேண்டாம். ஒரு பீரோ, ஒரு பேரேடு, ஒரு பொறுப்பாளர் போதும். இன்றிலிருந்து சங்கம் நெய்யும் ஒவ்வொரு ரகத்திலும் ஒரு முழத் துணியை மாதிரியாக நிறுத்திக்கொள்க. அதன் எதிரே நூல் நம்பர், அச்சுக் கணக்கு, ஊடைக் கணக்கு, சாயம், விலை, கூலி, தேதி, நெய்தவர் பெயர் ஆகியவற்றை எழுதுக. பெயர் எழுதுவதை எக்காரணத்தாலும் விடற்க. பழந்துணியை வெளிச்சத்தில் தொங்கவிட்டால் சாயம் வெளுக்கும். கஞ்சி போக அலசிய வெள்ளைப் பருத்தித் துணியில் சுற்றி, வசம்பும் வேப்பிலையும் சிறு மூட்டையாகக் கட்டிப் பக்கத்தில் வைத்து, ஆண்டுக்கிருமுறை எடுத்து நிழலில் காற்றாட விட்டு மடிப்பை மாற்றி வைத்தல் வேண்டும். ஒரே மடிப்பில் நெடுநாள் கிடந்த பட்டு அம்மடிப்பிலேயே இற்றுப்போகும்.

விவசாயச் சங்கத்தார் பழைய மரக்கால், படி, ஏற்றச்சால், ஏர், குதிர் முதலியவற்றைச் சேர்க்கலாம். நாட்டு விதைகள் மட்டும் பீரோவுக்கு உரியவை அல்ல. விதையைக் கண்ணாடிப் புட்டியில் வைத்து அழகு பார்த்தால் சில ஆண்டுகளில் அது முளைக்காது. விதைக்குக் காட்சிச்சாலை வயலே. ஆண்டுதோறும் ஓர் அங்கத்தினர் ஒரு பாத்தியில் விதைத்து, அடுத்த ஆண்டு வேறொருவருக்குக் கொடுக்கும் முறையை ஏற்படுத்துக.

பொருளைத் தருபவரிடம் அதை இனாமாகப் பறித்துக்கொள்ளலாகாது. இரவலாகப் பெற்றால் இரசீது கொடுக்க வேண்டும்; கேட்டபோது திருப்பித் தரவேண்டும். சங்கம் கலைக்கப்படும் நிலை வந்தால், ஏலத்துக்கு முன்பே மாதிரிகளையும் பழைய பேரேடுகளையும் பிரித்தெடுத்து, அண்டைச் சங்கத்திடமோ மாவட்டக் காட்சிச்சாலையிடமோ ஒப்படைக்கும்படி பொதுக்குழு முன்கூட்டியே தீர்மானம் இயற்றி வைப்பது உத்தமம். செலவுக்குத் துணைவிதி இடந்தரும் அளவில் பொதுநன்மை நிதியைப் பயன்படுத்தலாம். அதற்கு முறைப்படி அனுமதி பெறுக. பேரேடும் வசம்பும் வாங்குவதால் எந்தச் சங்கமும் நஷ்டத்தில் விழுந்ததில்லை.

நவம்பர் 14 முதல் 20 வரை கூட்டுறவு வாரம் கொண்டாடுகிறோம். கொடி ஏற்றுகிறோம், சொற்பொழிவு கேட்கிறோம், கலைந்து செல்கிறோம். வரும் கூட்டுறவு வாரத்தில் ஒவ்வொரு சங்கமும் ஒரு மேசையின்மேல் பத்துப் பழம்பொருள்களையேனும் வைத்து, அவற்றைச் செய்தவர், பயன்படுத்தியவர் பெயர்களை எழுதிக் காட்டும்படி வேண்டுகிறோம். அதற்கு முன்னதாக நடக்கும் நிர்வாகக் குழுக் கூட்டத்தின் நிகழ்ச்சி நிரலில் இதனை ஒரு பொருளாகச் சேர்க்கும்படி அங்கத்தினர்கள் தலைவருக்கு எழுத்துமூலம் விண்ணப்பிக்கலாம். ஊரில் இன்னும் கைநடுங்காமல் இழை எண்ணவல்ல பெரியவர்கள் சிலர் இருக்கின்றனர். அவர்கள் இருக்கும்போதே எழுதிக்கொள்வோமாக.